சிவப்பின் ஓசை

திருச்சி தெப்பக்குளத்தருகே உள்ள தூய லூர்து அன்னை ஆலயத்திற்கு, நம் பங்கின் பாடகர் குழுவினரோடு நாம் ஒரு மாலை சென்றிருந்தோம். வண்ணக் கண்ணாடிச் சாளரங்களில் வெயில் விழுந்த நேரம். குழுவில் பிறவியிலேயே பார்வையற்ற பெரியவர் ஒருவர் இருந்தார். பிறர் வியந்து பேசியதைக் கேட்டு, “சிவப்பு எப்படி இருக்கும், சாமி?” என்று வினவினார். அவர் மனம் நோகலாகாதே என்றெண்ணி, “நாதசுரம் மேல்ஸ்தாயியில் முழங்குவதுபோல் இருக்கும், ஐயா” என்றோம். அவர் மெல்லச் சிரித்தார். “நாதசுரத்தை நான் அறிவேனே, சாமி. என்னிடம் உள்ளதையே எனக்குத் தந்துவிட்டு, அதற்குச் சிவப்பு என்று பெயரிட்டுவிட்டீர்களே!”

இரக்கத்தால் சொன்ன அந்த உவமை பொய்யா? இக்கேள்வி நெடுநாள் நம்மை உறுத்தியது.

இவ்வழியில் சென்றோர் பலர். நியூட்டன் 1704-இல் வெளியிட்ட ஒளியியல் நூலில், நிறமாலையை ஏழாகப் பகுத்து இசையின் ஏழு இடைவெளிகளோடு பொருத்தினார். முன்பு ஐந்தாகக் கண்டவற்றோடு ஆரஞ்சையும் கருநீலத்தையும் சேர்த்தே அவர் ஏழாக்கினார். பிரெஞ்சு இயேசு சபைத் துறவி லூயி பெர்த்ரான் காஸ்தெல், கட்டையை அழுத்தினால் நிறம் தோன்றும் இசைப்பெட்டி ஒன்றை 1725-இல் அறிவித்தார். காது கேளாதோர் இசையைக் காணவும், பார்வையற்றோர் நிறத்தைக் கேட்கவும் இயலும் என்று நம்பினார். நம் நாட்டிலோ, 13-ஆம் நூற்றாண்டில் ‘சங்கீத ரத்னாகரம்’ இயற்றிய சார்ங்கதேவர் ஏழு சுரங்களுக்கும் நிறம் வகுத்தார். ஆனால் அவருடைய சட்சம் தாமரை நிறம்; காஸ்தெலின் முதற்சுரமோ நீலம். இயற்கையின் விதியாயின் இருவரும் ஒன்றையே அன்றோ கண்டிருப்பர்?

ஒலி, காற்று முதலிய பொருள்களின் அதிர்வு. ஒளியோ வெற்றிடத்திலும் பாயும் மின்காந்த அலை. செவி ஏறக்குறைய பத்து ஸ்தாயிகளைக் கேட்கிறது. கண்ணுக்கு எட்டுவதோ ஏறத்தாழ ஒரே ஸ்தாயி அளவுதான். ஏழை ஏழோடு கட்டியது மனித மனத்தின் ஆசையே.

ஸ்ரீரங்கத்தை அடுத்த திருவானைக்காவில் 1888-இல் பிறந்த சர் சி. வி. இராமன் வேறு வழி சென்றார். மிருதங்கத்தின் வலந்தலை நடுவே பூசிய கரிய சாந்து அதன் மேற்சுரங்களை எவ்வாறு இசைவாக்குகிறது என்று ஆராய்ந்தார். ஒளிச்சிதறல் பற்றிய அவரது 1928-ஆம் ஆண்டுக் கண்டுபிடிப்பு, 1930-இல் நோபல் பரிசைப் பெற்றுத் தந்தது. ஒலியை ஒலியாகவும் ஒளியை ஒளியாகவும் மதித்த அவரே, நாகேந்திர நாத்துடன் சேர்ந்து 1935-36-இல், செவிக்கெட்டாத ஒலியலைகள் ஓடும் திரவத்தில் புகும் ஒளி எவ்வாறு பல கதிர்களாகப் பிரிகிறது என விளக்கினார். இரண்டும் மெய்யாகவே சந்திக்கும் இடம் அது. வேற்றுமையைப் பொறுமையாய்ப் போற்றியவருக்கே மெய்யான உறவு புலப்பட்டது.

மனிதரிடத்தும் இதுவே உண்மை எனத் தோன்றுகிறது. பிறர் துயரைக் கண்டதும், “உங்கள் வேதனை எனக்குப் புரிகிறது” என்கிறோம். பெரும்பாலும் நம் வேதனையை எடுத்து அதற்கு அவர் பெயரைச் சூட்டுகிறோம். அது அவரை நெருங்குவதன்று. அவர் இருக்குமிடத்தில் நாம் அமர்ந்துகொள்வது.

ஆயின் உவமையே வேண்டாவோ? வினை, பயன், மெய், உரு என உவமைக்கு நான்கு நிலைகள் வகுத்தார் தொல்காப்பியர். நிறமும் நாதமும் மெய்யாலும் உருவாலும் ஒவ்வா. எனினும் உள்ளத்தில் விளைக்கும் பயனால் ஒக்கக்கூடும். நாம் செய்த பிழை, பயனைச் சொல்லிவிட்டு உருவையே காட்டியதாக எண்ணியதுதான்.

சில வாரங்களுக்குப் பின் பெரியவரிடம், “சிவப்பை உங்களுக்குச் சொல்ல நம்மால் இயலாது, ஐயா” என்று ஒப்புக்கொண்டோம். அவர் வருந்தவில்லை. “அது கிடக்கட்டும், சாமி. அதைப் பார்க்கையில் உங்களுக்கு உள்ளே என்ன செய்கிறது?” என்று கேட்டார்.

அதைச் சொல்ல முடிந்தது. இருட்டும்வரை பேசிக்கொண்டிருந்தோம்.